ஆலை வாசலில் நின்ற கேமரா: லங்காஷயர் பயணக் குறிப்புகள்

வியாழன், மான்செஸ்டர்

மத்திய நூலகத்தின் வட்ட வடிவ வாசிப்புக் கூடத்தில் பிற்பகல் முழுவதும் உட்கார்ந்திருந்தேன். வெளியே தூறல் விட்டபாடில்லை. அடுத்து போகவிருக்கும் ஊர்களின் பழைய படங்களை மடிக்கணினியில் ஒன்றன்பின் ஒன்றாகப் போட்டுப் பார்த்தேன். எல்லாம் மௌனப் படங்கள். பெரும்பாலானவை இரண்டு மூன்று நிமிடம்தான் ஓடும். கதை கிடையாது. ஆலைக் கதவு திறக்கிறது, ஆட்கள் வெளியே வருகிறார்கள், சுருள் தீர்ந்துவிடுகிறது.

எடுத்தவர்கள் சாகர் மிட்செல், ஜேம்ஸ் கென்யன் என்ற இருவர். வடமேற்கு இங்கிலாந்தின் லங்காஷயர் வட்டாரத்தில் உள்ள பிளாக்பர்ன் ஊர்க்காரர்கள். 1897இல் கூட்டுச் சேர்ந்து படத்தொழிலில் இறங்கியவர்கள். 1900 முதல் 1913 வரை வட இங்கிலாந்தின் பஞ்சாலை, சுரங்கம், இரும்பாலை, கப்பல்துறை வாசல்களில் இவர்களது கேமரா நின்றிருக்கிறது. தொழிற்சாலை வாசலில் எடுத்தவை மட்டுமே நூற்றுக்கு மேல் கிடைத்திருக்கின்றன.

ஆலை வாசலைப் படமெடுக்கும் யோசனை இவர்களுடையது இல்லை. பிரான்சின் லியோன் நகரில் லூமியேர் சகோதரர்கள் 1895 மார்ச்சிலேயே தங்கள் தொழிற்சாலைக் கதவைத் திறந்துவைத்துத் தொழிலாளர்கள் வெளியே வருவதைப் பதிவு செய்தார்கள். அந்த ஆண்டு டிசம்பர் 28ஆம் தேதி பாரிசில் காசு வாங்கிக்கொண்டு காட்டிய பத்துப் படங்களில் அதுவும் ஒன்று. கொல்லர்கள் பட்டறையில் இரும்பு அடிக்கும் படமும் அந்தப் பத்தில் இருந்தது. உழைப்பைப் பார்க்கும் ஆசை சினிமா பிறந்த நாளிலேயே கூடப் பிறந்தது. ஆனால் லியோனில் படமெடுத்தவர் முதலாளி, படத்தில் நடந்தவர்கள் அவரிடமே கூலி வாங்குகிறவர்கள். லங்காஷயரில் நிலைமை வேறு. இங்கே கேமராவுக்குக் காசு கொடுத்தவர்கள் சந்தையிலும் வாடகை அரங்கிலும் படம் காட்டிப் பிழைத்த ஊர்சுற்றிக் காட்சிக்காரர்கள். ரால்ஃப் பிரிங்கிள், ஏ. டி. தாமஸ் என்று பலர். ஊருக்குள் வந்ததும் பெரிய ஆலை எது என்று விசாரித்து அதன் வாசலைப் படம்பிடிக்கச் சொல்வார்கள். ‘இன்றிரவு வந்து உங்களையே பாருங்கள்’ என்று அங்கேயே விளம்பரம் செய்துவிடுவார்கள். பகலில் திரைக்குள் நடந்தவர்கள் ராத்திரி டிக்கெட் வாங்கித் திரைக்கு முன்னால் உட்கார்வார்கள். (நம் சாமிக்கண்ணு வின்சென்ட் 1905இல் திருச்சியில் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியை வாங்கிக்கொண்டு ஊர் ஊராகக் கிளம்பியதும் ஏறக்குறைய இதே காலம்தான். அவரும் ஒரு காட்சிக்காரர்.)

இந்த வியாபாரக் கணக்கைத் தெரிந்துகொண்ட பிறகு படங்களைப் பார்க்கும் விதமே மாறிவிடுகிறது. ஒவ்வொரு முகமும் ஒரு டிக்கெட். எனவே கேமரா கட்டடத்தைப் பார்ப்பதில்லை, புகைபோக்கியைப் பார்ப்பதில்லை. கூட்டம் எந்தப் பக்கமாகக் கலையும் என்று கணித்து, முகங்கள் நேராகத் தெரியும் உயரத்தில் நிற்கிறது. பல படங்களில் காட்சிக்காரரே சட்டகத்துக்குள் வந்து, கும்பலாக நிற்பவர்களைக் கையசைத்து நகர்த்துகிறார். நின்றுவிட்டால் பின்னால் வருகிறவர்களின் முகம் மறைந்துவிடும் அல்லவா?

ஓல்டாம் பக்கம் ஹாலின்வுட்டில் ஆல்ஃபிரட் பட்டர்வொர்த் பஞ்சாலையின் வாசலில் 1901இல் எடுத்த படத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். பெண்கள் சால்வையைத் தலையோடு போர்த்தியிருக்கிறார்கள். சிலர் கேமராவைக் கண்டதும் சால்வையை இழுத்து முகத்தை மறைத்துக்கொள்கிறார்கள், சிலர் அதே சால்வையை விலக்கிக்கொண்டு சிரிக்கிறார்கள். பையன்கள் விடுவதாக இல்லை. இந்தவகைப் படங்கள் எல்லாவற்றிலும் ஒரு முறை கடந்துபோன பையன் சுற்றிக்கொண்டு ஓடிவந்து மறுபடி முன்னால் நிற்பதைப் பார்க்கலாம். அவர்களில் பலர் அரைநேரத் தொழிலாளர்கள். அன்றைய சட்டப்படி பன்னிரண்டு வயதானால் பாதி நாள் ஆலை, பாதி நாள் பள்ளிக்கூடம். 1918ஆம் ஆண்டின் கல்விச் சட்டம் வந்த பிறகுதான் அந்த ஏற்பாடு ஒழிந்தது. பன்னிரண்டு வயதுப் பையன் தொப்பியைத் தூக்கி நமக்கு வணக்கம் சொல்கிறான். இன்னும் கொஞ்சம் சின்னவனாகவும் தெரிகிறான். சிரிப்பில் களைப்பே இல்லை. அதுதான் மனதைப் பிசைகிறது.

அதே 1901இல் பெண்டில்பரி சுரங்க வாசலில் எடுத்ததையும் பார்த்தேன். கரி படிந்த முகங்கள். அவர்களுக்கு நடுவே ஒரு கறுப்பினத் தொழிலாளி, மற்றவர்களோடு பேசியபடி சாதாரணமாக நடந்து வருகிறார். அந்தக் கால இங்கிலாந்துச் சுரங்கத்தில் வேலை செய்த இப்படி ஒருவரை எந்தப் பாடப்புத்தகத்திலும் நான் சந்தித்ததில்லை. டிக்கெட் விற்க எடுத்த படம் அவரைக் காப்பாற்றி வைத்திருக்கிறது.

வெள்ளி, டார்வென் வழியாக பிளாக்பர்ன்

மான்செஸ்டர் விக்டோரியா நிலையத்திலிருந்து போல்டன் வழியாகப் போகும் சிறிய ரயில். போல்டன் தாண்டியதும் வீடுகள் குறைந்து பச்சை மேடுகள் வருகின்றன. டார்வென் நெருங்கும்போது இடிக்காமல் விட்ட ஒரு புகைபோக்கி கண்ணில் படுகிறது. அதைப் புகைபோக்கி என்று சொன்னால்தான் நம்புவோம். இத்தாலியத் தேவாலயத்து மணிக்கூண்டு மாதிரி சதுரமாக, வேலைப்பாடுகளோடு 300 அடி உயரம். 1867இல் கட்டி முடித்தது. ஆலையின் பெயர் ‘இந்தியா மில்’.

பெயருக்குக் காரணம் இருக்கிறது. இந்தப் பள்ளத்தாக்கின் பிழைப்பே இந்தியச் சந்தைதான். பிளாக்பர்ன் தறிகள் நம் ஊருக்கான வேட்டிகளையே பெருமளவில் நெய்தன. நேற்று திரையில் பார்த்த பெண்களைப் போன்றவர்கள் நெய்த கரை வேட்டியைக் கப்பல் ஏற்றி அனுப்ப, அதைக் கட்டிக்கொண்டவர்களில் நம் பாட்டன்மாரும் இருந்திருப்பார்கள். நம் நெசவாளிகளின் வயிற்றில் அடித்த துணி அது என்பதை மறக்க முடியாது. நெய்த கைகள் அரைவயிற்றுக் கூலிக்கு நெய்தன என்பதையும் இந்தப் படங்களைப் பார்த்த பிறகு மறக்க முடியவில்லை.

டார்வெனில் இறங்கினேன். 1931 செப்டம்பரில் வட்டமேசை மாநாட்டுக்கு வந்த காந்தி இங்கே வந்து தங்கினார். அந்நியத் துணிப் புறக்கணிப்பால் ஆலைகள் மூடிக்கிடந்த சமயம். வேலை இழந்தவர்கள் அவரைச் சந்தித்துக் குறை சொன்னார்கள். உங்கள் நாட்டில் வேலை இல்லாதவர்கள் முப்பது லட்சம், எங்கள் நாட்டில் ஆண்டில் பாதி நாள் வேலையில்லாமல் இருப்பவர்கள் முப்பது கோடிப் பேர் என்று அவர் ஒளிக்காமல் பதில் சொன்னார். அப்படியும் ஆலைப் பெண்கள் அவரைச் சுற்றி நின்று கைதூக்கி ஆரவாரம் செய்யும் புகைப்படம் உலகம் முழுக்கச் சுற்றியது. அந்தப் புகைப்படத்தில் இருக்கும் மூத்த பெண்களில் யாராவது முப்பது ஆண்டுகளுக்கு முன் ஏதாவது ஓர் ஆலை வாசலில் கேமராவைப் பார்த்துச் சிரித்த சிறுமியாக இருக்கலாம். வயது ஒத்துவருகிறது.

அடுத்த ரயிலில் பிளாக்பர்ன். நார்த்கேட் தெருவுக்கு நிலையத்திலிருந்து நடந்தே போய்விடலாம். மிட்செலின் கடை இருந்தது இந்தத் தெருவில்தான். 1994இல் அந்தக் கட்டடத்தில் வேலை பார்த்த ஆட்கள் நிலவறையில் பெரிய பால் கேன் போன்ற மூன்று உலோகக் கலன்களைக் கண்டார்கள். உள்ளே நூற்றுக்கணக்கான சின்னஞ்சிறு படச்சுருள்கள். குப்பைக்குப் போயிருக்க வேண்டியவை. உள்ளூரில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்த பீட்டர் வோர்டன் என்ற திரைப்பட ஆர்வலரின் கைக்கு வந்து சேர்ந்தன. அவருக்கு அவற்றின் மதிப்பு தெரிந்திருந்தது. 2000ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் திரைப்படக் கழகத்திடம் ஒப்படைத்தார். மொத்தம் 826 சுருள்கள். 2011இல் யுனெஸ்கோவின் பிரிட்டன் நினைவுப் பதிவேட்டில் இத்தொகுப்பு இடம்பெற்றது.

அந்தக் காலத்துப் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. தீப்பற்றினால் தண்ணீருக்குள் அமுக்கினாலும் எரியும், ஏனென்றால் எரிவதற்கு வேண்டிய ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. தீப்பற்றாமல் தப்பினாலும் நாளடைவில் சுருங்கி, பிசுபிசுத்து, கடைசியில் பொடியாகிவிடும். உலகின் மௌனப் படங்களில் பெரும்பகுதி இப்படித்தான் போயிற்று. இந்தச் சுருள்களோ குளிர்ந்த நிலவறையில், மூடிய கலனுக்குள் எழுபது எண்பது ஆண்டுகள் தாக்குப்பிடித்தன. இன்னொரு அதிர்ஷ்டமும் உண்டு. கிடைத்தவை அரங்கங்களில் ஓடித் தேய்ந்த பிரதிகள் அல்ல, கேமராவிலிருந்து எடுத்த மூல நெகட்டிவ்கள். பட்டர்வொர்த் ஆலைப் பெண்ணின் சால்வை இழையைக்கூட நாம் பார்க்க முடிவது அதனால்தான். இப்போது பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் தன் நைட்ரேட் சுருள்களை வார்விக்ஷயரில் உள்ள பெட்டகத்தில் மைனஸ் 5 டிகிரிக் குளிரில், ஈரப்பதம் 35 சதவீதத்தைத் தாண்டாமல் பாதுகாக்கிறது.

தெருவில் அப்படிச் சொல்லிக்கொள்ள ஒன்றும் இல்லை. சாயங்காலம் கடைகளை மூடிக்கொண்டிருந்தார்கள். ஒரு குஜராத்திப் பலகாரக் கடையில் தேநீர் குடித்தேன். 1950களிலும் 60களிலும் இந்த ஊர் ஆலைகளின் ராத்திரி ஷிப்டுக்கு ஆள் கிடைக்காமல் போனபோது குஜராத்திலிருந்தும் பாகிஸ்தானிலிருந்தும் வந்தவர்கள்தான் தறிகளை ஓட்டினார்கள். ஊருக்கு வேட்டி அனுப்பிய தறியில் கடைசியாகக் கை வைத்தவர்கள் அந்தத் துணைக்கண்டத்துக்காரர்கள். அவர்கள் ஷிப்டு முடிந்து வெளியே வந்தபோது வாசலில் எந்தக் காட்சிக்காரரும் நிற்கவில்லை.

சனி, பர்ன்லி

இன்று பிரஸ்டனில் செவிலியராக இருக்கும் பெரியம்மா மகள் அக்காவும் சேர்ந்துகொண்டார். பர்ன்லி போய் அங்கிருந்து பஸ்ஸில் ஹார்ல் சைக். மேட்டின் உச்சியில் குவீன் ஸ்ட்ரீட் மில். 1894இல் உள்ளூர் மக்களே பங்கு போட்டுக் கட்டிய நெசவாலை. 1982 வரை நீராவியில் ஓடியது. இப்போது அருங்காட்சியகம். 500 குதிரைத்திறன் கொண்ட நீராவி இயந்திரம் அப்படியே இருக்கிறது. முதல் உலகப்போர் முடிந்தபின் அதற்கு ‘அமைதி’ என்று பெயர் வைத்தார்களாம்.

நானும் அக்காவும் சோமனூர்க்காரர்கள். விசைத்தறிச் சத்தத்தில் வளர்ந்தவர்கள். எனவே தறிக்கூடத்தின் கதவைத் திறந்ததும் இருவருக்குமே ஒரு கணம் பேச்சு வரவில்லை. வடக்கு வெளிச்சம் மட்டும் இறங்கும்படி கண்ணாடி பதித்த ரம்பப்பல் கூரை. அதன் கீழே முந்நூறுக்கும் மேற்பட்ட லங்காஷயர் தறிகள் வரிசை வரிசையாக. மேலே நீண்ட தண்டுகள், அவற்றிலிருந்து ஒவ்வொரு தறிக்கும் தோல் வார்கள் இறங்குகின்றன. ஒரு தறிக்கும் அடுத்த தறிக்கும் நடுவே ஒருக்களித்துத்தான் நுழைய முடியும். ஒரு நெசவாளிக்கு நான்கு தறிகள் என்பது அன்றைய வழக்கம். பெரும்பாலும் பெண்கள்.

எங்களுக்காகச் சில தறிகளை ஓட்டிக் காட்டினார்கள். குறுக்கு நூலைக் கொண்டு ஓடும் நாடா இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு அடிபடும் ஒவ்வொரு முறையும் தரைக்கல் அதிர்வது கால் வழியாக ஏறுகிறது. நாலைந்து தறிகளுக்கே அக்கா காதைப் பொத்திக்கொண்டார். முந்நூறும் ஓடினால்?

தறி ஓட்டிய பெரியவர் அதற்கான பதிலைச் செய்தே காட்டினார். தறியின் அந்தப் பக்கம் நின்ற சக ஊழியரைப் பார்த்து, குரலே எழுப்பாமல், வாயை மட்டும் அகலமாக அசைத்து ஏதோ சொன்னார். அந்தப் பெண்மணி தலையாட்டிவிட்டுப் போய் குறுக்கு நூல் சுற்றிய ஒரு தார்க்குச்சி எடுத்து வந்தார். ‘மீ-மா’ என்று பெயர். உதட்டை மிகைப்படுத்தி அசைத்து, கொஞ்சம் கைச்சாடையும் சேர்த்துப் பேசும் முறை. லங்காஷயர் நெசவாலைகளில் தலைமுறை தலைமுறையாக இப்படித்தான் பேசினார்கள். கூடத்தின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக்கு ரகசியம் சொல்லலாம். அதே சமயம் எந்த ரகசியத்தையும் கூடத்தில் உள்ள யாரும் படித்துவிடலாம்.

“தம்பி, பெரியப்பா தறிக்கூடத்தில் இப்படித்தான் பேசுவார், ஞாபகம் இருக்கிறதா? வீட்டுக்கு வந்தும் அதே மாதிரி வாயை அகலமாகத் திறந்துதான் பேசுவார்” என்றார் அக்கா. தன் அப்பாவை என்னிடம் பேசும்போது ‘பெரியப்பா’ என்றுதான் சொல்வார். எனக்கு நன்றாகவே ஞாபகம் இருக்கிறது.

ஆனால் நான் அப்போது நினைத்துக்கொண்டிருந்தது வேறு. மௌனப் படம் நமக்குத்தான் மௌனம். ஆலை வாசல் படங்களில் பெண்கள் கேமராவைப் பார்த்து, பக்கத்தில் வருகிறவளைப் பார்த்து வாயசைத்துக்கொண்டே போகிறார்கள். அன்று இரவு அதைப் பார்த்தவர்கள் யார்? பகல் முழுக்க உதட்டைப் படித்தே வேலை செய்தவர்கள். அவர்களுக்குத் திரையில் போன பேச்சு புரியாமல் இருந்திருக்குமா? ஒவ்வொரு வரிசையிலும் யாராவது, “அடி, என்னைப் பற்றித்தான் சொல்லியிருக்கிறாள்” என்று சண்டைக்குக் கிளம்பியிருப்பார்கள் என்று நான் நிச்சயமாக நம்புகிறேன். இந்தப் படங்களை ஆராய்கிறவர்கள் ஒரு முதிய லங்காஷயர் நெசவாளியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பார்க்க வேண்டும். அந்தப் பழக்கம் உள்ளவர்கள் ஆண்டுக்கு ஆண்டு குறைந்துவருகிறார்கள்.

நாடா ஒன்றைக் கையில் வாங்கிப் பார்த்தேன். நம் ஊர் நாடாவைவிடக் கனம். கடினமான மரம், இரண்டு முனையிலும் எஃகுக் கூர். தார் தீர்ந்தால் புதிய தாரைச் சொருகி, நூல் முனையை நாடாவின் கண் வழியாக வெளியே கொண்டுவர வேண்டும். வேகமான வழி, கண்ணில் வாயை வைத்து ஓர் உறிஞ்சு. ஒரு நாளைக்கு நூற்றுக்கணக்கான முறை. நூலோடு பஞ்சுத் தூசியும் கஞ்சிப்பசையும் தொண்டைக்குள் போகும். முந்தைய ஆள் வாய் வைத்த அதே நாடா என்பதால் அவருடைய நோயும் கூடவே வரும். முன்பற்கள் அரித்துப்போகும். இதை ‘நாடாவுக்கு முத்தம்’ என்று சொல்லியிருக்கிறார்கள். பிரிட்டனில் இதை ஒழிக்க 1952இல்தான் விதி வந்தது. அக்கா பெரியவரிடம் நுரையீரலைப் பற்றி நெடுநேரம் விசாரித்தார். செவிலியர் கேட்கும் கேள்விகள். பஞ்சுத்தூசியால் வரும் இளைப்பு திங்கட்கிழமை மோசமாகவும் வாரக்கடைசியில் சற்று இலேசாகவும் இருக்கும், அதனால் அதற்குத் திங்கட்கிழமைக் காய்ச்சல் என்று பெயர் என்றார் பெரியவர்.

வாசல் படங்களில் இது எதுவும் இல்லை. தறி இல்லை, தூசி இல்லை, உறிஞ்சும் வாய் இல்லை. காரணம் முதலில் வெளிச்சம். அன்றைய பிலிமுக்குச் சூரியன் வேண்டும், கூடத்துக்குள் இருக்கும் அரைவெளிச்சத்தில் எதுவும் பதியாது. இரண்டாவது, காட்சிக்காரருக்குத் தறி தேவைப்படவில்லை. பகல் முழுக்கத் தறியைப் பார்த்தவர்கள் ராத்திரியும் காசு கொடுத்து அதையே பார்ப்பார்களா? அவர்கள் பார்க்க விரும்பியது தங்களை. வேலையிலிருந்து விடுபட்ட முதல் நிமிடத்தில் தங்கள் முகம் எப்படி இருக்கிறது என்பதை.

ஞாயிறு, விகன்

காலையில் ஆஸ்ட்லி கிரீன். 1970இல் மூடிய சுரங்கம். கூண்டைக் கீழே இறக்கும் இரும்புக் கோபுரம் 30 மீட்டர் உயரத்தில் இன்னும் நிற்கிறது. லங்காஷயர் முழுக்கவும் இப்போது மிஞ்சியிருப்பது இது ஒன்றுதான். தன்னார்வலர்கள் துருவோடு போராடிக்கொண்டிருக்கிறார்கள். நெடுநேரம் நிற்கவில்லை, காற்று அப்படி.

விகன் வந்ததற்குக் காரணம் 1910இல் கினிட்டோ என்ற படநிறுவனம் இங்கே எடுத்த படம். ஒரு நிலக்கரித் தொழிலாளியின் ஒரு நாள். இது வாசலோடு நிற்கவில்லை, உள்ளே போகிறது. மனைவியிடம் விடைபெற்றுக் கிளம்புகிறார், விளக்கு வாங்குகிறார், கூண்டில் இறங்குகிறார், கரி மேலே வருகிறது, சலிக்கிறார்கள், ரயிலில் ஏற்றுகிறார்கள், கூலி வாங்கிக்கொண்டு வீடு திரும்புகிறார். எல்லாம் வரிசை பிசகாமல் இருக்கிறது. வேலையைப் பற்றித் தெரிந்துகொள்ள வாசல் படங்களைவிட நூறு மடங்கு உதவும்.

அதில் நான் முக்கியமாகப் பார்த்தது கரி பொறுக்கும் பெண்களை. 1842ஆம் ஆண்டுச் சட்டம் பெண்கள் சுரங்கத்துக்குள் இறங்குவதைத் தடை செய்தது. அதன்பின் அவர்கள் மேலே நின்று, ஓடிக்கொண்டே இருக்கும் பட்டையிலிருந்து கல்லைப் பொறுக்கி எறிந்து கரியைப் பிரித்தார்கள். விகன் பக்கம் இவர்கள் மிகவும் பிரபலம். அதையும் தடை செய்ய வேண்டும், பெண்ணுக்கு அடுக்காத வேலை என்று லண்டனில் பேச்சு எழுந்தபோது 1911இல் இவர்களே தலைநகர் வரை போய், எங்கள் பிழைப்பில் கை வைக்காதீர்கள் என்று முறையிட்டு வென்றார்கள். படத்தில் அவர்களைக் கறுப்பு வைர வயல்களின் அழகிகள் என்று அறிவிப்பு அட்டை அறிமுகப்படுத்துகிறது. அவர்களும் கரி அப்பிய கையோடு நின்று சிரிக்கிறார்கள். அந்த அட்டை எனக்குப் பிடிக்கவில்லை. கையுறைகூட இல்லாமல் எட்டுப் பத்து மணி நேரம் கல் பொறுக்குகிறவளை அழகி என்று சொல்லித்தான் அறிமுகம் செய்ய வேண்டுமா?

படத்தின் கடைசிக் காட்சி எல்லாவற்றையும் விளக்கிவிடுகிறது. நல்ல வசதியான வீடு. கணப்பில் கரி எரிகிறது, குடும்பம் குளிர்காய்கிறது. இந்தப் படம் யாருக்காக எடுக்கப்பட்டது என்பது அங்கே தெரிந்துவிடுகிறது: கரியை வாங்குகிறவருக்காக. 1906இல் லண்டனில் பீக் ஃப்ரீன் பிஸ்கட் தொழிற்சாலையைச் சுற்றிக்காட்டிய படமும் இதே ரகம். மாவு பிசைவதில் தொடங்கி வண்டியில் ஏற்றுவது வரை எல்லாம் காட்டுகிறது. இயந்திரத்தையும் கையையும் நன்றாகவே பார்க்கிறோம். ஆனால் அங்கே யாரும் கேமராவிடம் விளையாடுவதில்லை. மேஸ்திரி பக்கத்தில் இருக்கிறார், குனிந்த தலை நிமிர்வதில்லை.

காசு எங்கிருந்து வந்ததோ அந்தப் பக்கம்தான் கேமரா திரும்பி நிற்கிறது. ஆளிடம் காசு வாங்கினால் ஆளைக் காட்டுகிறது. நிறுவனத்திடம் வாங்கினால் சரக்கைக் காட்டுகிறது. ஒன்றை மட்டும் பார்த்துவிட்டு அந்தக் காலத்து உழைப்பைப் பார்த்துவிட்டதாக நினைக்கக் கூடாது. எனக்கு எது பிடிக்கும் என்று கேட்டால் தயங்காமல் வாசல் படங்களைச் சொல்வேன்.

ஊர் நடுவே புதிதாக ஒரு சிலை வைத்திருக்கிறார்கள். சுரங்கத் தொழிலாளி, கரி பொறுக்கும் பெண், ஒரு குழந்தை. பெண்ணையும் விடாமல் சேர்த்திருப்பது நல்ல காரியம்.

திங்கள், நார்த் ஷீல்ட்ஸ்

லங்காஷயரை விட்டுக் கிழக்குக் கடற்கரைக்கு வந்துவிட்டேன். நியூகாசிலிலிருந்து மெட்ரோ ரயில். டைன் ஆற்றின் முகத்துவாரத்தில் மீன்துறை. மிட்செலும் கென்யனும் 1901இல் இங்கும் வந்து மீன்துறை வேலையைப் படம்பிடித்திருக்கிறார்கள்.

இங்கே 2023இல் ஹெர்ரிங் பெண் ஒருத்தியின் சிலையை வைத்தார்கள். ஹெர்ரிங் நம் மத்தி வகையறா மீன். அதன் கூட்டம் கோடையில் வடக்கே ஷெட்லண்டில் தொடங்கி இலையுதிர் காலத்தில் தெற்கே யார்மவுத் வரை கரையோரமாக நகரும். படகுகள் பின்தொடரும். கரையில் ரயிலேறி ஸ்காட்லாந்துப் பெண்கள் துறை துறையாகத் தொடர்வார்கள். மூன்று பேர் ஒரு குழு. இருவர் மீனைக் கிழித்துக் குடல் எடுக்க, மூன்றாமவர் உப்போடு பீப்பாயில் அடுக்குவார். சின்னக் கத்தி ஒன்று, கழுத்தருகே ஒரு குத்து, ஒரு திருப்பு, குடல் வெளியே. தேர்ந்த கைக்கு நிமிடத்துக்கு ஐம்பது அறுபது மீன். கத்தி வெட்டிய விரலில் உப்பு இறங்கினால் புண் ஆறாது. அதற்காகப் பழைய மாவுச் சாக்கைக் கிழித்து ஒவ்வொரு விரலுக்கும் தனித்தனியாகச் சுற்றி நூலால் கட்டிக்கொள்வார்கள். காலையில் முதல் வேலையே அந்தக் கட்டுதான்.

இந்தப் பெண்களையும் ஹெர்ரிங் படகுகளையும் காட்டிய பெரிய மௌனப் படம் ஜான் கிரியர்சனின் ‘டிரிஃப்டர்ஸ்’. 1929 நவம்பரில் லண்டனில் முதலில் காட்டப்பட்டது. ஏறக்குறைய ஐம்பது நிமிடம். அன்று அதோடு சேர்த்துத் திரையிட்டது சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைனின் ‘பொட்டெம்கின்’. ‘டாகுமெண்டரி’ என்ற சொல்லை ஆங்கிலத் திரைப்பட உலகில் நிலைநிறுத்தியவரே இந்தக் கிரியர்சன்தான். பேரரசுப் பொருள்களை விற்க ஏற்படுத்திய அரசு வாரியம் பணம் கொடுத்தது. ஏன் ஹெர்ரிங்? வாரியத்தின் செலவுக்கு முட்டுக்கட்டை போடக்கூடிய நிதித்துறைத் துணை அமைச்சர் ஆர்தர் சாமுவேல் ஹெர்ரிங் மீனைப் பற்றியே ஒரு புத்தகம் எழுதியவர். அந்த மீனைச் சொன்னால் மறுக்க மாட்டார் என்ற கணக்கு. நேற்று விகனில் எழுதியதை நீட்டிக்க இதைவிட நல்ல சான்று கிடைக்காது.

ஆனால் கிரியர்சன் பணத்தை வாங்கிக்கொண்டு சரக்கை மட்டும் காட்டிவிட்டு நிற்கவில்லை. மீனவனையே படத்தின் நாயகனாக்கினார். அலையில் குப்புற விழப்போகும் தளத்தில் நின்று மணிக்கணக்கில் வலை இழுக்கும் தோள்களை அருகில் போய்ப் பார்க்கிறார். கூட்டுழைப்புக்கு ஒரு தாளம் உண்டு என்பதை வெட்டி வெட்டி ஒட்டிய காட்சிகளாலேயே உணர்த்துகிறார். படகின் உள்ளறைக் காட்சிகளைக் கரையில் போட்ட செட்டில் எடுத்தார் என்பது எனக்குக் குறையாகப் படவில்லை. அங்கே கேமராவும் வெளிச்சமும் நுழைய இடமில்லை. என் குறை வேறு: கரையில் நின்ற பெண்களுக்கு அவர் கொடுத்த நேரம் மிகக் கொஞ்சம். கத்தி பிடித்த கைகள் வருகின்றன, போகின்றன. விரல்கட்டைப் பார்க்க நாம்தான் படத்தை நிறுத்த வேண்டியிருக்கிறது.

இந்தப் படங்களை எங்கே பார்ப்பது, எதில் தொடங்குவது என்று நீங்கள் கேட்கலாம். ‘டிரிஃப்டர்ஸ்’ படத்தைக் கடைசியில் வையுங்கள். முதலில் பட்டர்வொர்த் ஆலை, பிறகு பெண்டில்பரி சுரங்கம், அதன்பின் விகன் படம். பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் தானே வெளியிட்ட பிரதிகளாகத் தேடிப் பாருங்கள். இணையத்தில் இவற்றுக்குக் கணினியால் வண்ணம் பூசி, அசைவை மழுமழுவென்று ஆக்கி, மரச்செருப்புச் சத்தமும் குதிரைக் குளம்பொலியும் சேர்த்து உலவவிட்டிருக்கிறார்கள். சால்வையின் நிறத்தை யாரும் பார்த்ததில்லை, கணினி ஊகிக்கிறது. முகச்சுருக்கத்தையும் அழுக்கையும் அது வழித்தெடுத்துவிடுகிறது. சத்தத்தை அடியோடு அணைத்துவிட்டு, உதடுகளை மட்டும் கவனியுங்கள். லங்காஷயர் ஆங்கிலம் தெரிந்த யாராவது உங்கள் பக்கத்தில் இருந்தால் இன்னும் நல்லது.